சட்டி, கட்டமோளம், கிதார்

ஜெர்மானியர்கள் தம் தாய்மொழியில் ராக் பாடக் கூசிய காலம் ஒன்று இருந்தது என்றால் நம்பச் சற்றுக் கடினமாகத்தான் இருக்கும். கதேயும் பிரெக்ட்டும் எழுதிய மொழி அது. இசையிலோ பாக்கும் பீத்தோவனும் பிறந்த மண். எனினும் இரண்டாம் உலகப் போருக்குப் பின் கிதாரைத் தோளில் மாட்டிக்கொண்ட மேற்கு ஜெர்மானிய இளைஞனுக்குப் பாட வேண்டுமென்றால் ஆங்கிலத்தில்தான் வாய் திறந்தது. ஜெர்மன் என்பது அப்பாவும் அம்மாவும் வானொலியில் கேட்கும் 'ஷ்லாகர்' என்னும் இனிப்புப் பாட்டுகளின் மொழி. அதற்கும் முன்னால் போனால் அணிவகுப்புப் பாடல்களின் மொழி. நாக்கில் வைக்கவே அவனுக்குக் கசந்தது. உடோ லிண்டன்பெர்க், டோன் ஷ்டைனே ஷெர்பென் போன்ற சிலர் எழுபதுகளின் தொடக்கத்திலேயே இந்தக் கூச்சத்தை உடைத்துப் பாடினார்கள் என்றாலும், அது ஒரு தலைமுறையின் பழக்கமாக மாறியது அப்பத்தாண்டின் இறுதியில்தான். 1979இல் 'சவுண்ட்ஸ்' என்னும் இதழில் ஆல்ஃபிரெட் ஹில்ஸ்பெர்க் எழுதிய கட்டுரைத் தொடர் அதற்கு ஒரு பெயரைப் பரப்பிவிட்டது: நோயே டாய்ச்சே வெல்லே, அதாவது புதிய ஜெர்மன் அலை.

அந்த அலையின் குழுக்களில் எங்களுக்கு மிகவும் பிடித்தது டுசல்டார்ஃப் நகரின் 'ஃபேல்ஃபார்பென்'. பெயரின் பொருளே சுவையானது. மேலிலையின் நிறம் சரியாக அமையாமல் போனதால் மலிவு விலைக்குத் தள்ளப்படும் சுருட்டுக்கு அங்கே அப்படிப் பெயராம். (திண்டுக்கல் சுருட்டுக்காரர்களிடம் இதற்கு ஒரு சொல் இல்லாமலா இருக்கும்!) 1980இல் வெளிவந்த அவர்களுடைய முதல் இசைத்தட்டு, 'முடியாட்சியும் அன்றாடமும்' என்று பொருள்படும் தலைப்பைக் கொண்டது. பாடகர் பீட்டர் ஹைன், அதற்குப் பின் குழு முழுநேரமாக ஊர் ஊராகச் செல்லும் நிலை வந்தபோது, ஜெராக்ஸ் நிறுவனத்தில் தாம் பார்த்துவந்த வேலையை விட மனமின்றிக் குழுவை விட்டார். அவர் பாடி வைத்துவிட்டுப் போன பாட்டொன்று 1982இல் ஊரெல்லாம் ஒலித்தது. அப்போது அவர் அலுவலகத்தில் இருந்தார். நம்மூரில் ஜெராக்ஸ் என்றால் நகலெடுப்பது என்றே ஆகிவிட்டதால் இந்தச் செய்தியை முதன்முறை கேட்டபோது அவரை ஏதோ தாலுகா அலுவலக வாசல் கடையில் நிற்பவராகவே கற்பனை செய்துகொண்டோம். இன்றும் அந்தச் சித்திரம் எங்களை விட்டுப் போகவில்லை.

பெருங்களத்தூரில் இருந்துகொண்டு டுசல்டார்ஃப் நகரைப் பற்றிப் பேசுவதற்குக் காரணம் எளியது. ஞாயிறுதோறும் கூடிப் புத்தகம் பேசும் எங்கள் ஐந்தாறு பேரில் ஒருவர், பணி நிமித்தமாக நுங்கம்பாக்கத்து மாக்ஸ் முல்லர் பவனில் ஜெர்மன் படித்தவர். மொழிப்பாடத்தோடு ஒலிநாடாக்களும் அவரிடம் வந்து சேர்ந்தன. கூட்டம் முடிந்து தேநீர் வரும் இடைவெளியில் ஒரு பாட்டைப் போட்டு, வரிக்கு வரி தமிழில் பொருள் சொல்வார். மொழி புரியாத பாட்டை இன்னொருவர் உரை சொல்லக் கேட்பதில் ஒரு தனிச் சுகம் இருக்கிறது, திருப்புகழை உரையோடு கேட்பதைப் போல. பத்துப் பாட்டுக்குப் பிறகு எங்களுக்குள் எழுந்த கேள்வி ஒன்றுதான். நம்மிடம் இப்படி ஒன்று நடந்ததா?

சென்னையில் ராக் இசை இல்லாமல் இல்லை. ஐஐடியின் சாரங் விழாவில் குழுக்களின் போட்டி நடக்கும். அடையாறு அன்வைண்ட் சென்டரில் இளைஞர்கள் வாசிப்பார்கள். கல்லூரிக்கொரு குழு இருந்தது, தாம்பரம் கிறித்துவக் கல்லூரி உட்பட. எல்லாம் ஆங்கிலத்தில். தமிழில் பாட வேண்டிய தேவையே அவர்களுக்கு எழவில்லை, ஏனெனில் தமிழில் பாட்டு என்றால் அது சினிமாவின் சொத்து. ஜெர்மானிய இளைஞனுக்கு அவன் மொழியை வரலாறு கெடுத்து வைத்திருந்தது. சென்னை இளைஞனுக்கோ அவன் மொழி ஏற்கெனவே வாடகைக்குப் போயிருந்தது. கோடம்பாக்கத்தில் ஒரு மேதை முப்பது ஆண்டுகளாக எல்லா உணர்ச்சிக்கும் மெட்டுப் போட்டுக் கொடுத்துக்கொண்டிருக்கும்போது நான்கு பையன்கள் மாடியில் கிதாரை வைத்துக்கொண்டு தமிழில் என்னத்தைப் பாடுவது?

உடைப்பு வெளியிலிருந்துதான் வந்தது. மலேசியாவின் யோகி பி அண்ட் நட்சத்திரா 2006இல் 'வல்லவன்' தொகுப்பைக் கொண்டுவந்தபோது, சினிமாவுக்கு வெளியே தமிழில் இப்படியும் சொல்லடுக்கலாம் என்று இங்குள்ளவர்களுக்குத் தெரிந்தது. கோவையிலிருந்து கிளம்பிய ஹிப்ஹாப் தமிழா இணையத்தில் பெயர் பெற்றுப் பின் சினிமாவுக்குள் நுழைந்தது. கபேர் வாசுகியும் தென்மாவும் 'குரங்கன்' என்ற பெயரில் பாடினார்கள். இவை ஒவ்வொன்றையும் பற்றித் தனியே எழுதலாம். ஆனால் ஜெர்மன் அலையோடு வைத்துப் பார்க்கத்தக்கது என்று நாங்கள் கருதுவது 'தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்' குழுவைத்தான்.

காரணம் சொல்வதற்கு முன், சொந்த மொழி என்பதைப் பற்றிக் கொஞ்சம். ஜெர்மன் அலையின் இன்னொரு குழுவான 'டாஃப்' அமைப்பின் பாடகர் காபி டெல்காடோ ஸ்பெயினின் கோர்டோபாவில் 1958இல் பிறந்தவர். வேலை தேடி ஜெர்மனிக்கு வந்த குடும்பத்தின் பிள்ளை. ஜெர்மன் அவருக்குத் தாய்மொழி அன்று. ஆனால் ஜெர்மன் மொழியைக் கட்டளைபோல் துண்டுதுண்டாக வெட்டி, அணிவகுப்பின் தாளத்தை நடன அரங்குக்கு இழுத்து வந்து, அதன் மேல் முசோலினியின் பெயரையும் ஹிட்லரின் பெயரையும் ஆட்ட அசைவுகளாக அடுக்கி 1981இல் அவர் பாடியபோதுதான் அந்த மொழியின் கசப்பு என்னவென்று பலருக்கு உறைத்ததாம். வீட்டு மொழியாக அதைப் பெற்றவர்கள் துணியாததை வெளியிலிருந்து வந்தவர் செய்தார். ஆக, சொந்த மொழியில் பாடுதல் என்றால் யாருடைய மொழி என்ற கேள்வி கூடவே வருகிறது. தமிழிலும் அப்படியே. நாங்கள் எழுதும் இந்தத் தமிழில் ஒரு ராக் பாட்டை எழுதினால் அது சிறுபத்திரிகைக் கவிதைபோல் இருக்கும், பாட முடியாது. சென்னையில் பாடுவதற்கென்று ஒரு தமிழ் நெடுங்காலமாகவே இருந்துவருகிறது. அதன் பெயர் கானா.

கடற்கரையிலிருந்து தாம்பரம் வழியாகச் செங்கல்பட்டு செல்லும் மின்சார ரயிலில் போய்வருபவர்களுக்குக் கானாவை அறிமுகம் செய்யத் தேவையில்லை. மாலை ரயிலில் கல்லூரிப் பிள்ளைகள் ஏறியதும் பெட்டியின் தகரச் சுவர் தாளமாகிவிடும். ஒருவன் எடுத்துக் கொடுப்பான், மற்றவர்கள் கடைசிச் சொல்லைப் பிடித்துக்கொள்வார்கள். சானடோரியத்தில் தொடங்கினால் பெருங்களத்தூரில் நாங்கள் இறங்கும்வரை போகும். பயணிகளில் பாதிப்பேர் முகம் சுளிப்பார்கள். மீதிப்பேரின் கால் விரல்கள் செருப்புக்குள் ஆடும்.

ஆனால் கானாவின் வீடு ரயில் அன்று, சாவு வீடு. வடசென்னையில் ஒருவர் இறந்தால் உடல் கிடக்கும் இரவு முழுவதும் தூங்காமல் இருக்க வேண்டும். பந்தலின் கீழ் ஆர்மோனியமோ டோலக்கோ வைத்துக்கொண்டு, அதுவும் இல்லையென்றால் மேசையிலும் குடத்திலும் தட்டிக்கொண்டு, செத்தவரின் பெயரை வைத்துப் பாடுவார்கள். அவர் என்ன வேலை செய்தார், யாரோடு சண்டை போட்டார், எப்படிச் சிரிப்பார் என்பதெல்லாம் பாட்டில் வரும். காலையில் சட்டியும் கட்டமோளமும் முன்னால் போக ஊர்வலம் கிளம்பும். துறைமுகத்துக்கும் ஆலைகளுக்கும் ரயில்வேக்கும் கூலிகளாக வந்து சேர்ந்து நகரத்தின் ஓரத்தில் குடிவைக்கப்பட்ட மக்களின் வரலாறு அச்சில் இருப்பதைவிட இந்த இரவுகளில்தான் அதிகமாகச் சொல்லப்பட்டிருக்கிறது. பிறகு தொண்ணூறுகளில் தேவா அதன் தாளத்தைச் சினிமாவுக்குக் கொண்டுபோனார். 2006இல் 'சித்திரம் பேசுதடி' படத்தில் கானா உலகநாதன் தானே தோன்றிப் பாடினார். 2012இல் பா. இரஞ்சித்தின் முதல் படமான 'அட்டகத்தி' கானா பாலாவுக்குப் பெரிய வாசலைத் திறந்தது. சினிமாவில் கானா வந்தது, மணக்க மணக்கவே வந்தது. ஆனால் அங்கே அது நாயகன் குடித்திருக்கும்போதும் காதலில் தோற்றபோதும் மட்டுமே தேவைப்பட்டது. பாட்டு வந்த தெருவைப் பற்றிப் பாட அதற்கு இடமில்லை.

அந்த இடத்தை ஏற்படுத்துவதற்காகவே 2017இல் இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் தென்மாவின் மெட்ராஸ் ரெக்கார்ட்ஸும் சேர்ந்து பாடகர்களையும் வாத்தியக்காரர்களையும் அழைத்தன. நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் வந்த தேர்வில் 19 பேர் குழுவானார்கள். கானா பாடுகிறவர்கள், ராப் பாடுகிறவர்கள், சட்டி, கட்டமோளம், பறை, இவற்றோடு கிதாரும் டிரம்ஸும். பாடுகிறவர்களில் ஒரே பெண் இசைவாணி. பெயரை அயோத்திதாசப் பண்டிதரிடமிருந்து எடுத்தார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில், குடிக்கணக்கெடுப்பில் தம் மக்களைச் 'சாதி பேதமற்ற திராவிடர்' என்று பதிய வேண்டும் என்று கேட்டவர் அவர். ராயப்பேட்டையிலிருந்து 1907 முதல் 'ஒரு பைசாத் தமிழன்' நடத்தியவர். நூறாண்டு கழித்து அவருடைய சொற்றொடர் ஆங்கிலமாகி ஒரு ராக் குழுவின் நெற்றியில் ஏறியது. (பெயரைத் தமிழிலேயே வைத்திருக்கலாம் என்று எங்களில் இருவர் இன்றும் வாதிடுகிறார்கள். ஜெர்மன் படித்த நண்பரோ, ஆங்கிலத்தில் வைத்தால்தான் சாரங் மேடையில் நிற்கும் பையனுக்கு இது தன் ஆட்டக்களம் என்று புரியும் என்கிறார்.)

முதல் நிகழ்ச்சி 2018 ஜனவரி 6, சனிக்கிழமை, கீழ்ப்பாக்கத்தில். அரசுப் பேருந்துத் தொழிலாளர்கள் இரண்டு நாள் முன்புதான் வேலைநிறுத்தத்தில் இறங்கியிருந்தார்கள். பொங்கலுக்கு ஊர் போக வேண்டியவர்கள் பெருங்களத்தூரில் சாலையோரம் மூட்டை முடிச்சுகளோடு திகைத்து நின்றிருந்தார்கள். கிளாம்பாக்கம் நிலையம் 2023இன் இறுதியில் திறக்கப்படும்வரை பண்டிகைக் காலம் என்றால் எங்களூருக்கு அதுதான் தோற்றம். நாங்கள் மின்சார ரயிலைப் பிடித்துச் சேத்துப்பட்டில் இறங்கி நடந்தோம்.

இவ்வளவு கூட்டத்தை எதிர்பார்க்கவில்லை. ஆயிரக்கணக்கில் வந்திருந்தார்கள். சபாக்களில் மார்கழிக் கச்சேரிகள் முடிந்து ஒரு வாரம்கூட ஆகியிருக்கவில்லை. குழுவினர் கோட்டு சூட்டு அணிந்து மேடையேறினார்கள். கானா பாடகன் என்றால் கைலியும் கழுத்தில் கைக்குட்டையும் என்று சினிமா பழக்கி வைத்திருந்த கண்ணுக்கு அது முதல் அதிர்ச்சி. சிலைகளில் நாம் காணும் அம்பேத்கரின் நீலக் கோட்டு எங்கள் நினைவுக்கு வந்தது. வந்திருந்தவர்களில் பெரும்பாலோருக்கும் வந்திருக்கும். பிறகு சட்டி ஒலித்தது. சட்டியின் ஓசையைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். அது மழை தகரத்தில் விழுவதைப் போன்ற, இடைவெளியே இல்லாத, கூர்மையான ஓசை. சாவு ஊர்வலத்துக்கு வெளியே நாங்கள் அதைக் கேட்டதில்லை. மின்கிதாரின் இரைச்சலோடு அது பொருந்துமா என்று நினைத்துக்கொண்டிருக்கும்போதே, இரண்டும் ஒரே வகை ஓசை என்று பிடிபட்டது. கிதாரை மேற்கில் வேண்டுமென்றே கரகரப்பாக்கினார்கள். சட்டி பிறவியிலேயே கரகரப்பானது.

பாட்டுகள் இடஒதுக்கீட்டைப் பற்றி இருந்தன, வடசென்னையைப் பற்றி, மாட்டுக்கறியைப் பற்றி, அம்பேத்கரைப் பற்றி. இப்படிப் பட்டியலிட்டால் கட்சி மேடைபோல் தோன்றும். அன்றைக்கு அப்படித் தோன்றவில்லை. காரணம், கானாவின் கேலி. இடஒதுக்கீடு பற்றி நாங்கள் வாசித்திருந்த கட்டுரைகள் எல்லாம் தற்காப்பு மொழியில் எழுதப்பட்டவை. புள்ளிவிவரம் காட்டிக் கெஞ்சுபவை. இவர்களோ கிண்டல் செய்தார்கள். உன் தாத்தாவுக்கு யார் கொடுத்தது கோட்டா என்று கேட்கும் தொனியில் பாடினார்கள். கூட்டத்தில் பள்ளிப் பிள்ளைகள் சிரித்துக்கொண்டே கத்தினார்கள். அந்தச் சிரிப்பு எங்களுக்குப் புதியது.

இனி, எங்களோடு வராத நண்பரைப் பற்றி.

அவர் ரயில்வேயில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். எங்கள் வட்டத்திலேயே அதிகம் வாசிப்பவர். செங்கல்பட்டுப் பக்கத்துக் கிராமம் ஒன்றில் அவருடைய அப்பா பறையடிப்பவராக இருந்தார். அறுபதுகளில் ஒரு நாள், ஊரில் பெரிய வீட்டுச் சாவு. ஆள் வந்து அழைத்தபோது அப்பா வரமாட்டேன் என்று சொல்லிவிட்டார். ஏன் அன்றைக்கு, ஏன் அந்தச் சாவுக்கு என்று நண்பருக்கே தெரியாது. அன்றிரவே குடும்பம் ஊரை விட்டுக் கிளம்பியது. பல்லாவரத்துக் கல்குவாரியில் கொஞ்ச காலம், பிறகு பெருங்களத்தூர். ஊரின் பெயரை நண்பர் சொல்வதில்லை. நாங்களும் கேட்டதில்லை.

கீழ்ப்பாக்கம் போய்வந்த மறுநாள் நாங்கள் ஆர்வத்தோடு விவரித்துக்கொண்டிருந்தபோது அவர் தேநீரைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்: "எங்கப்பா அடிக்கமாட்டேன்னு சொன்னதுக்கு ஊரையே விட்டு வரவேண்டியிருந்தது. அவர் இறக்கி வெச்சதை இப்ப மேடையிலே ஏத்தி வெச்சு, கைதட்டறீங்க. நல்லா இருக்கட்டும். நான் வரலை."

இது தனியொருவரின் மனக்குறை அன்று. பறையடிக்க மறுப்பதையே விடுதலையின் முதல் படியாகக் கொண்ட போராட்டங்கள் தமிழகத்தில் நடந்திருக்கின்றன. மறுத்தவர்கள் அடி வாங்கியிருக்கிறார்கள், நிலத்தை இழந்திருக்கிறார்கள். மறுபுறம், அந்தப் பறையையே கையிலெடுத்துக் கற்றுக்கொடுத்தவர்களும் இருக்கிறார்கள். திண்டுக்கல்லில் சக்தி கலைக்குழுவில் பெண்கள் பறையடித்தார்கள். மணிமாறனும் மகிழினியும் புத்தர் கலைக்குழு வழியாக எத்தனையோ இளைஞர்களுக்குப் பயிற்சி தந்தார்கள். இரண்டு நிலைப்பாடுகளுமே ஒரே அவமானத்திலிருந்து பிறந்தவை. ஒன்றைக் காட்டி இன்னொன்றை மறுக்க முடியாது.

ஜெர்மன் படித்த நண்பர் டெல்காடோவை எடுத்துக்காட்டாகச் சொன்னார். கறைபட்ட அணிவகுப்புத் தாளத்தை அவர்கள் எடுத்து நடனமாக்கிக் கறையைக் கழுவவில்லையா, இதுவும் அப்படித்தானே என்றார். ரயில்வே நண்பர் யோசித்துவிட்டுச் சொன்ன பதிலை இதுவரை எங்களில் யாராலும் கடக்க முடியவில்லை. "அங்கே அழுக்காக்கினவன் பிள்ளைங்க கழுவுறாங்க. சரி. இங்கே அழுக்கு யார் மேலே கொட்டினாங்களோ அவங்களே கழுவணுமா?"

டெல்காடோ வந்தேறிக் குடும்பத்துப் பிள்ளை, அழுக்காக்கியவரின் பிள்ளை அல்லர் என்று ஒரு திருத்தம் சொல்லலாம். சொன்னோம். அது திருத்தம் மட்டுமே, பதிலாகாது.

சுயாதீனம் என்ற சொல்லைப் பற்றியும் அன்று சண்டை வந்தது. பெரிய சினிமா இயக்குநர் ஒருவர் பின்னால் நிற்கும் குழு எப்படிச் சுயாதீனக் குழுவாகும்? நியாயமான கேள்வி. ஜெர்மன் அலையிலும் இதே வழக்கு நடந்திருக்கிறது. ஹில்ஸ்பெர்க் தாமே ஹாம்பர்கில் ஸிக்ஸாக் என்ற சிறு நிறுவனத்தை நடத்தினார். டுசல்டார்ஃபில் 'டெர் பிளான்' குழுவினர் ஆட்டா டாக் என்ற பெயரில் தம் தட்டுகளைத் தாமே வெளியிட்டார்கள். ஆனால் ஃபேல்ஃபார்பென் முதல் தட்டையே பெருநிறுவனமான ஈஎம்ஐ வழியாகக் கொண்டுவந்தது. தோழர்கள் அதைத் துரோகம் என்றார்கள். இன்று அந்த அலையிலிருந்து ஒரே ஒரு தட்டைச் சொல் என்றால் பலர் சொல்வது அந்தத் துரோகத் தட்டைத்தான். பணம் எங்கிருந்து வந்தது என்பதைக் காட்டிலும், அந்தப் பணத்தில் எதைப் பாட முடிந்தது என்பதை வைத்தே நாங்கள் சுயாதீனத்தை அளக்க விரும்புகிறோம். மாட்டுக்கறியைப் பற்றிய பாட்டுக்குக் கோடம்பாக்கத்தில் எந்தச் சூழ்நிலையும் எழுதப்பட்டிருக்காது.

பின்னர் நடந்தவை பலரும் அறிந்தவை. 2020 டிசம்பரில் 'மார்கழியில் மக்களிசை' என்று, சபாக்களின் மாதத்திலேயே, கானாவுக்கும் பறைக்கும் ஒப்பாரிக்கும் மேடை போட்டார்கள். அதே ஆண்டு இசைவாணியின் பெயர் பிபிசியின் நூறு பெண்கள் பட்டியலில் வந்தது. அரக்கோணத்துக்காரரான அறிவு, 2019இல் ஆஃப்ரோவுடன் சேர்ந்து 'தெருக்குரல்' தொகுப்பை வெளியிட்டார். 2021 மார்ச்சில் 'என்ஜாய் எஞ்சாமி' வந்தது. இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துத் திரும்பிய தன் பாட்டி வள்ளியம்மாளின் கதையை அவர் அதில் வைத்தார். அந்தப் பாட்டு உலகம் சுற்றியது. சுற்றியபோது, அதே ஆண்டு ஆகஸ்டில், ரோலிங் ஸ்டோன் இந்தியா இதழின் அட்டையில் அறிவின் படம் இல்லை. இரஞ்சித் அதைப் பொதுவெளியில் சுட்டிக்காட்டினார். பிறகு அறிவுக்குத் தனியே ஓர் அட்டை இணையத்தில் வந்தது. தென்மா 'இரண்டாம் உலகப்போரின் கடைசி குண்டு' (2019), 'நட்சத்திரம் நகர்கிறது' (2022) ஆகிய படங்களுக்கு இசையமைத்தார்.

ஒரு குழுவின் வாழ்க்கை என்று பார்த்தால் இது வழக்கமான கதைதான். 19 பேரில் சிலருக்குத் தனிப்பெயர் கிடைக்கும். மற்றவர்கள் 'மற்றும் குழுவினர்' ஆவார்கள். ஜெர்மன் அலையும் இதே பாதையில் இன்னும் வேகமாகச் சென்று முடிந்தது. 1982இல் பெருநிறுவனங்கள் ஜெர்மன் மொழியில் யார் எதைப் பாடினாலும் தட்டுப் போட்டன. 1983இல் நேனாவின் பலூன் பாட்டு அட்லாண்டிக்கைத் தாண்டியது. அடுத்த ஓராண்டில் அங்காடியில் அலை என்று சொல்ல எதுவும் மிஞ்சவில்லை. முன்னோடிகள் எரிச்சலோடு ஒதுங்கிக்கொண்டார்கள். யாரும் யாரையும் மிரட்டவில்லை. சந்தை சலித்துப்போனது, அவ்வளவே.

இங்கே நடப்பது வேறு. சபரிமலைக்குப் பெண்கள் செல்லலாமா என்ற வழக்கும் விவாதமும் எரிந்துகொண்டிருந்த நாட்களில் குழு ஒரு பாட்டை உருவாக்கி, இசைவாணி பாடினார். உச்ச நீதிமன்றத் தீர்ப்பு 2018 செப்டம்பரில் வந்தது. பாட்டும் பரவி, மறக்கப்பட்டு, வேறு பாட்டுகளும் வந்துவிட்டன. 2024 நவம்பரில், ஐயப்ப பக்தர்கள் மாலை போடும் காலத்தில், அந்தப் பழைய பாட்டு திடீரென்று தோண்டி எடுக்கப்பட்டது. அவரைக் கைது செய்ய வேண்டும் என்று புகார்கள் கொடுக்கப்பட்டன. தொலைபேசியில் மிரட்டல்கள், வசைகள். ஆறு ஆண்டுக்கு முன் மேடையில் 19 பேர் நின்றார்கள், எழுதியவர்களும் இசையமைத்தவர்களும் வேறு. வசை வந்து விழுந்தது பாடிய பெண்ணின் மேல். நீலம் பண்பாட்டு மையம் அவருக்கு ஆதரவாக அறிக்கை வெளியிட்டது. பீட்டர் ஹைன் எப்போது வேண்டுமானாலும் தன் அலுவலக நாற்காலிக்குத் திரும்பிப் போக முடிந்தது. ராயபுரத்திலிருந்து வந்த ஒரு கானா பாடகிக்குத் திரும்பிப் போக வேறு தொழில் எது?

அந்த வாரத்து ஞாயிற்றுக்கிழமை, எங்கள் வழக்கமான கூட்டத்தில் புத்தகம் எதுவும் பேசப்படவில்லை. ரயில்வே நண்பர்தான் அந்தப் பாட்டைக் கேட்க வேண்டும் என்றார். கைப்பேசியில் போட்டோம். முழுவதும் கேட்டார். பாட்டின் சொற்களைத் தாளில் எழுதித் தரச் சொன்னார், எழுதித் தந்தோம். மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். "அந்தப் பொண்ணு தைரியசாலி" என்றார். தாளத்தைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை.

அவருடைய பேத்தி இப்போது தாம்பரத்தில் ஒரு பறை வகுப்புக்குப் போகிறாள். அவளாகக் கேட்டதுதான். வீட்டில் இரண்டு வாரம் பேச்சுவார்த்தை இல்லை என்று கேள்விப்பட்டோம். கட்டணத்தை அவர்தான் கட்டுகிறார், அழைத்துப் போவதும் அவர்தான். வகுப்பு முடியும்வரை எதிர்ச்சாரித் தேநீர்க் கடையில் உட்கார்ந்து நாவல் வாசித்துக்கொண்டிருப்பார். உள்ளே ஒருமுறைகூடப் போனதில்லை. ஆனால் அந்தக் கடைக்கும் வகுப்புக்கும் இடையே பதினைந்தடிச் சாலைதான் இருக்கிறது. அங்கே உட்கார்ந்தால் நன்றாகவே கேட்கும்.